மாணவனுக்கே இடம் இல்லையா?

எங்கள் யுனிவர்சிட்டி ஃபுட்பால் ஆட்டத்துக்கு மாணவர் டிக்கெட்டைக் குலுக்கல் போட்டுத்தான் தருகிறார்கள். இந்த வருஷமும் அதில் என் பெயர் விழவில்லை. மிச்ச டிக்கெட்டாவது கிடைக்குமா என்று காலை 7 மணிக்கே ஆப்பைத் திறந்தால், எனக்கு முன்னால் 4,000 பேர்! ஆனால் செமஸ்டர் ஃபீஸில் விளையாட்டுக் கட்டணம் மட்டும் தவறாமல் வருகிறது. சின்ன ஆட்டங்களுக்குப் போனால், டிக்கெட் கிடைக்க உதவும் புள்ளி ஏறுமாம். லேப் இருக்கும் நாளில் எப்படிப் போவது?

அமெரிக்காவின் டியூக் பல்கலைக்கழகத்தில், வட கரோலினா பல்கலைக்கழகத்துடனான கூடைப்பந்து ஆட்டத்துக்கு இடம் பிடிக்க மாணவர்கள் வாரக்கணக்கில் கூடாரம் போட்டுக் கிடக்கிறார்கள். அவர்களுடைய கேமரன் அரங்கில் மொத்தமே 9,314 இருக்கைதான், அங்கே அது புரிகிறது. எங்கள் ஃபுட்பால் ஸ்டேடியம் கடல் மாதிரி கிடக்கிறது, மாணவனுக்கு ஒரே ஒரு மூலை! குலுக்கலில் கிடைத்தவனோ அன்று ராத்திரியே நாலு மடங்கு விலைக்கு விற்கிறான். வயிறு எரிகிறது. ஆட்டமே பார்க்காதவனுக்கு எதற்கடா டிக்கெட்?