இந்து சமயத்தை எங்கிருந்து அறிமுகப்படுத்துவது?

இந்து சமயத்தைப் புதிதாக அறிய விரும்புவோருக்கென எழுதப்படும் சிறு நூல்கள் பெரும்பாலும் ஒரே வரிசையில்தான் செல்கின்றன: நான்கு வேதங்கள், மும்மூர்த்திகள், கன்மமும் மறுபிறப்பும், இறுதியில் முத்தி. இவற்றில் எதுவும் பொய்யன்று. (மும்மூர்த்திகளுள் ஒருவரான பிரமனுக்குத் தனிக் கோயில் தேடி எவ்வளவு அலைய வேண்டும் என்பதை மட்டும் அவை சொல்வதில்லை.) ஆனால் அவற்றை மட்டுமே படித்த ஒருவர் திருநெல்வேலிப் பக்கம் கோயில் கொடை எனப்படும் ஊர்த்தெய்வத் திருவிழா ஒன்றுக்கு வந்து நின்றால், தாம் படித்த சமயமும் கண்முன் நடப்பதும் ஒன்றுதானா என்று திகைத்துப் போவார். ஆகவே, மக்கள் என்ன செய்கிறார்கள் என்பதைச் சொல்லிவிட்டுக் கொள்கைக்கு வருவதே முறை என்பது என் கருத்து.

தமிழ்நாட்டுக் குடும்பங்கள் பலவற்றில் வழிபாடு குலதெய்வத்திடம்தான் தொடங்குகிறது. பிள்ளைக்கு முதல் மொட்டை, காதுகுத்து, திருமண அழைப்பிதழில் முதல் பிரதி எல்லாம் அங்கேதான். தென்மாவட்டத்தார் எந்த ஊரில் பிழைப்பு நடத்தினாலும் பங்குனி உத்திரத்தன்று தம் சாஸ்தா கோயிலைத் தேடி வந்து பொங்கலிடுகிறார்கள். சுடலைமாடன் கொடையில் வில்லுப்பாட்டோ கணியான் கூத்தோ தெய்வத்தின் கதையைப் பாடப் பாடச் சாமியாடிக்கு அருள் வருகிறது. நள்ளிரவில் அவர் தீப்பந்தத்தோடு மயானத்துக்கு வேட்டைக்குப் போய்த் திரும்பிக் குறி சொல்கிறார்.

பாபநாசத்துக்கு மேலே காரையாற்றில் உள்ள சொரிமுத்து அய்யனார் கோயிலில் பட்டவராயருக்குச் சன்னிதி உண்டு. அந்தணராகப் பிறந்து, செருப்புத் தைக்கும் குடியைச் சேர்ந்த பொம்மக்கா, திம்மக்கா என்னும் சகோதரியரை மணந்து, அக்குடியின் தொழிலையே தாமும் ஏற்று, மாடு திருட வந்தவர்களோடு நடந்த சண்டையில் மாண்ட முத்துப்பட்டனே அங்கே தெய்வமாக நிற்கிறான் என்பது கதை. பக்தர்கள் அவருக்குச் செருப்பையே காணிக்கையாகக் கட்டுகிறார்கள். வருணங்களைப் பற்றி ஓர் அத்தியாயம் எழுதும் அறிமுக நூல்கள் இந்தச் செருப்புக் காணிக்கையைப் பற்றி ஒரு வரியும் எழுதாதது எனக்கு வியப்பாகவே இருக்கிறது.

கோயில்களில் கிடாய் வெட்டுவதைத் தடுக்க 1950ஆம் ஆண்டுச் சட்டத்தை 2003இல் தமிழக அரசு கடுமையாக நடைமுறைப்படுத்த முனைந்ததும், எதிர்ப்பு வலுத்து அடுத்த ஆண்டே அச்சட்டம் நீக்கப்பட்டதும் பலருக்கு நினைவிருக்கும். படையலைக் கைவிட ஊர்கள் ஒப்பவில்லை.

பூசை முறைகளை வகுக்கும் ஆகம நூல்களின்படி நடக்கும் கோயில்களின் ஒழுங்கு வேறு. பெரிய சிவாலயங்களில் உஷத்காலம் தொடங்கி அர்த்தசாமம் வரை ஆறு காலப் பூசை நடக்கும். பெருமாள் கோயில்களிலோ திருமலை வைகானசம் என்னும் ஆகமத்தைப் பின்பற்ற, திருவரங்கம் பாஞ்சராத்திரம் என்னும் ஆகமத்தைப் பின்பற்றுகிறது. ஆகவே பெருமாள் கோயில் முறை என்று ஒரே முறையைச் சொல்லிவிடவும் முடியாது.

கொள்கையை ஒதுக்கிவிடச் சொல்வதாக யாரும் எண்ண வேண்டாம். உயிரும் பிரமமும் ஒன்றே என்னும் சங்கரர், உயிர்கள் இறைவனுக்கு உடலாக உள்ளன என்னும் இராமானுசர், இரண்டும் என்றும் வேறே என்னும் மத்துவர் ஆகிய மூவரும் ஒரே வேதாந்த சூத்திரங்களுக்கு உரை எழுதி மூன்று முடிவுகளுக்கு வந்தார்கள். பதி (இறைவன்), பசு (உயிர்), பாசம் (உயிரைப் பிணிக்கும் தளை) மூன்றும் அனாதி என்று கொள்ளும் சைவ சித்தாந்தம் சரியை, கிரியை, யோகம், ஞானம் என நான்கு நெறிகளை வகுக்கையில், கோயிலைக் கூட்டுவதும் மெழுகுவதும் பூத்தொடுப்பதுமாகிய சரியையை முதற்படியாக வைத்தது. கோயில்களில் புல் செதுக்கும் உழவாரப் படையோடு ஊர் ஊராகச் சென்ற அப்பரை அந்நெறிக்கு எடுத்துக்காட்டாகச் சொல்வார்கள். செயலிலிருந்து தொடங்குவோம் என்று நான் சொல்வதற்கு மரபிலேயே இவ்வளவு வலுவான ஆதாரம் இருக்கிறது.

நடைமுறையைச் சொல்வதென்றால், வாசலுக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்களையும் சொல்லியாக வேண்டும். தீண்டாமைக்கு உள்ளான குலத்தில் பிறந்த நந்தனாரை அறுபத்து மூன்று நாயன்மாரில் ஒருவராக வணங்கிய நாட்டில், மதுரை மீனாட்சியம்மன் கோயிலுக்குள் தாழ்த்தப்பட்ட மக்கள் நுழைய 1939 சூலை 8ஆம் நாள் அ. வைத்தியநாத ஐயர் முன்னின்று அழைத்துச் செல்ல வேண்டியிருந்தது. குசராத்தின் சுவாமிநாராயண சம்பிரதாயத்தினரில் ஒரு சாரார், தாங்கள் இந்துக்களே அல்லர், ஆகவே ஆலயப் பிரவேசச் சட்டம் தம் கோயில்களைக் கட்டுப்படுத்தாது என்று 1948இல் வழக்குத் தொடுத்தனர். 1966இல் உச்ச நீதிமன்றத்தின் தலைமை நீதிபதி கஜேந்திரகட்கர், அந்தச் சம்பிரதாயத்தினரும் இந்துக்களே என்று தீர்ப்பளித்தார். அத்தீர்ப்பில்தான், இந்து சமயத்துக்கு ஒரே நிறுவனரோ ஒரே தெய்வமோ ஒரே கோட்பாடோ இல்லை என்னும் புகழ்பெற்ற விளக்கம் இடம்பெற்றது. சமயத்தின் பரந்த மனப்பான்மைக்குச் சான்றாக அவ்விளக்கத்தை எடுத்தாளும் நூல்கள், யாரைக் கோயிலுக்குள் விடலாம் என்ற வழக்கில்தான் அது எழுதப்பட்டது என்பதையும் சேர்த்தே அச்சிட வேண்டும்.