தொடுகை சரி, நிறம்தான் இடிக்கிறது

ஒலிகளுக்கு நிறமும் தொடுகையும் உண்டு என்று சொல்லும் ஒரு கட்டுரையைப் படித்தேன். அதை எழுதியவர் கற்பனையாகக் கட்டியிருக்கும் 'ஒலிவண்ணவியல்' என்ற துறை சுவையாக இருக்கிறது. ஒவ்வொரு ஒலிக்கும் ஒரு நிறம், ஒரு தொடுகை, ஒரு கால அளவு என்று அட்டவணையே போட்டுவிட்டார்!

தொடுகையை அப்படியே ஏற்கிறேன். 'ம' சொல்ல உதடு இரண்டும் ஒட்டியே ஆக வேண்டும். 'ட' சொல்ல நாக்கு நுனி மடிந்து மேலண்ணத்தைத் தொட வேண்டும். இதில் கற்பனைக்கு வேலையே இல்லை. வல்லினம், மெல்லினம் என்று நம் இலக்கணக்காரர்கள் எப்போதோ பிரித்து வைத்ததுதான். 2001இல் மூளை ஆய்வாளர்கள் ராமச்சந்திரனும் ஹப்பர்டும் எழுதிய கட்டுரையில் வரும் சோதனையும் இதை ஒட்டியதே: பொருளற்ற இரண்டு பெயர்களைக் கொடுத்தால், கூர்முனை வடிவத்துக்கு 'கிகி', உருண்டைக்கு 'பூபா' என்றுதான் பெரும்பாலோர் பொருத்துகிறார்கள்.

காலமும் பரவாயில்லை. குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. அளவுகோல் கண்ணிமைப்பும் கைநொடியும். ஆனால் அட்டவணை 'ஆ'வுக்கு மட்டும் மூன்று கொடுப்பது ஏனோ. அளபெடுக்கிறார் (ஒலியை இன்னும் நீட்டுகிறார்) போலும்.

நிறத்தில்தான் இடிக்கிறது. ஒலியையோ எழுத்தையோ உணரும்போது கூடவே நிறமும் தோன்றும் இணையுணர்வு சிலருக்கு உண்டு. ஒருவருக்கு ஓர் எழுத்து சிவப்பு என்றால் பல ஆண்டு கழித்துக் கேட்டாலும் பெரும்பாலும் சிவப்புதான். ஆனால் அதே எழுத்து இன்னொருவருக்குப் பச்சையாக இருக்கும். எல்லோருக்கும் பொதுவான அட்டவணை எப்படிப் போடுவது? ஓரளவு ஒத்துப்போவது பெரும்பாலும் வெளிச்சம்தான்: 'இ' வெளிறியது, 'உ' இருண்டது. அப்படியிருக்க, 'ஊ'வுக்கு வெளிர் மஞ்சள் எந்தக் கணக்கில் வந்தது?