அப்பா இல்லை, கணவர்

நேற்றும் அதேதான். கண் மருத்துவமனையில் சீட்டு எழுதிய பெண், "அப்பாவுக்குச் சர்க்கரை இருக்கிறதா?" என்று என்னிடம் கேட்டார். "கணவர்" என்றேன். பேனா நின்றுவிட்டது. அவரை ஒரு முறை, என்னை ஒரு முறை, பிறகு என் கழுத்தை ஒரு முறை பார்த்துவிட்டுத்தான் அடுத்த வரிக்குப் போனார்.

எனக்கு 36, அவருக்கு 57. ரயிலில், ஜவுளிக்கடையில், வாடகைக்கு வீடு பார்க்கப் போன இடத்தில் என்று எல்லா இடத்திலும் இதே கதை. தவறாக நினைப்பதையாவது பொறுத்துக்கொள்ளலாம். திருத்திய பிறகு வருவதுதான் தாங்கவில்லை. "இரண்டாம் தாரமா?" "பிறந்த வீட்டில் வசதி இல்லையா?" முன்பின் தெரியாதவர்கள் கேட்கிறார்கள்! 29 வயதில், சொந்தச் சம்பாத்தியத்தில் இருந்தபோது, நானே விரும்பிச் செய்துகொண்ட திருமணம் இது. சிறப்புத் திருமணச் சட்டம் வயது விஷயத்தில் ஆணுக்கு 21, பெண்ணுக்கு 18 நிறைந்திருக்கிறதா என்று மட்டும் பார்க்கிறது. இருவருக்கும் நடுவே எத்தனை வயது என்று அது கேட்பதில்லை. பக்கத்து இருக்கைக்காரர் கேட்கிறார்.

சார்லி சாப்ளினைச் சொல்லி ஆறுதல்படுத்த வருகிறவர்கள் வேறு. 1943இல் மணந்தபோது அவருக்கு 54, ஊனாவுக்கு 18. அந்தப் பதினெட்டு என்னையே உறுத்துகிறது. அதை என் வாழ்க்கையோடு ஏன் சேர்க்க வேண்டும்? ஆனாலும் 1977இல் அவர் இறக்கும்வரை, எட்டுப் பிள்ளைகளோடு, 34 ஆண்டுகள் அவர்கள் சேர்ந்து வாழ்ந்தார்கள்.

மருத்துவமனையிலிருந்து திரும்பும் வழியில் இவர் ஒரு கடையில் நிறுத்தித் தலைச்சாயம் வாங்கினார். எனக்கு அழுகையே வந்துவிட்டது. அந்த நரை எனக்கு அவ்வளவு பிடிக்கும்.