54 எப்படி 72 ஆனது?

எல்ஐவி (LIV) கோல்ஃப் என்ற தொழில்முறை லீக் 2026 முதல் ஒரு போட்டிக்கு 54 குழி என்பதை விட்டு 72 குழிக்கு, அதாவது மூன்று நாளிலிருந்து நான்கு நாளுக்கு மாறுகிறது என்ற கட்டுரையைப் படித்ததும் சிரிப்பு வந்துவிட்டது. அந்தப் பெயரே ரோமன் எண்ணில் 54 தானே! இனி எல்எக்ஸ்எக்ஸ்ஐஐ கோல்ஃப் என்று போர்டு மாட்டுவார்களா? வாயில் நுழையாது.

2022-ல் சவூதிப் பணத்தோடு இறங்கியபோது அவர்கள் செய்ததில் எனக்குப் பிடித்தது, கட், அதாவது பின்தங்கியவர்களைப் பாதியிலேயே வெளியேற்றுவது, வைக்காததுதான். அமெரிக்காவின் பழைய தொழில்முறைத் தொடரான பிஜிஏ டூரில் பெரும்பாலும் இரண்டு நாள் சரியாக ஆடாவிட்டால் வெறுங்கையோடு வீட்டுக்குப் போக வேண்டும். இங்கே கடைசி ஆளுக்கும் காசு. எங்கள் ஊர்க் கல்யாணப் பந்தி மாதிரி, உட்கார்ந்துவிட்டால் அடைப் பிரதமன் உறுதி.

ஆனாலும் தூக்கத்தைக் கெடுத்துப் பார்க்கவைப்பது, மேஜர் எனப்படும் நான்கு பெரிய கோல்ஃப் போட்டிகளில் ஒன்றான மாஸ்டர்ஸ்தான். 2025 கடைசிச் சுற்று முடியும்போது இங்கே திங்கள் விடியற்காலை. தக்கலைப் பக்கம் மாமா வீட்டில் நான் மட்டும் டிவி முன்னால். மாமா தலையில் டார்ச்சைக் கட்டிக்கொண்டு ரப்பர் வெட்டக் கிளம்பியவர், வாசலிலேயே நின்றுவிட்டார். சமநிலையை உடைக்க ஆடும் பிளேஆஃபில் ஜஸ்டின் ரோஸை வென்ற ரோரி மெக்கல்ராய் புல்லில் மண்டியிட்டு அழுகிறார்.

"ஜெயிச்சவன் எதுக்கு மக்களே அழுதான்?"

"2014-க்கு அப்புறம் ஒரு மேஜர்கூட ஜெயிக்கலை மாமா."

கத்தியை விரலில் தடவிப் பார்த்துக்கொண்டே சொன்னார்: "பதினோரு வருசம் பால் வராத மரத்த நான் எப்பவோ முறிச்சி வித்திருப்பேன்."