நிறம் மாறுவது எயாரெண்டில் இல்லை

"டோல்கீனோட எயாரெண்டில் நட்சத்திரம் நிறம் மாறிக்கிட்டே இருக்கும், அதுதான் நிஜத்துல சிரியஸ், நடுராத்திரி தலைக்கு மேல பார்த்தேன்"னு ஒருத்தர் பதிவு போட்டிருக்கார். டோல்கீன் 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' எழுதினவர்; சிரியஸ் ராத்திரி வானத்துலயே பிரகாசமான நட்சத்திரம். அவர் கதையில வர்ற ரெண்டு வேற வேற ஒளியை ஒண்ணாக்கிட்டார்.

எயாரெண்டில் நம்ம விடிவெள்ளி, அதாவது வெள்ளி கிரகம். டோல்கீன் கதையில, நெற்றியில சில்மரில்ங்கிற ஒளிவீசுற மணியோட வானத்துல கப்பலோட்டுற மாலுமி அவர். விடியலிலும் அந்தியிலும் தெரியுறது அந்த மணியோட வெளிச்சம். 'லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்'ல எல்ஃப் அரசி கலாட்ரியல் நாயகன் ஃபிரோடோவுக்குக் கொடுத்த குப்பியில இருக்கிறதும் அதே ஒளிதான்.

சிரியஸுக்கு டோல்கீன் உலகத்துல பேர் ஹெல்லுயின். 1977ல வந்த அவரோட 'சில்மரில்லியன்' புத்தகத்துல, எல்ஃப்கள்ங்கிற சாவில்லாத இனம் முதல்முதலா கண்விழிக்கிற இடத்தைப் பாருங்க (எனக்கு அந்தப் புத்தகத்துலயே பிடிச்ச பகுதி). மெனெல்மகார், அதாவது ஓரியன் (வேட்டைக்காரன் வடிவ நட்சத்திரக் கூட்டம்), வானத்துல ஏறுறான். உலகத்தோட ஓரத்துல, பனிமூட்டத்துக்குள்ள ஹெல்லுயின் நீல நெருப்பா மினுங்குது.

நிறம் மாறுற சமாச்சாரம் நிஜ வானத்துல இருந்து ஒட்டிக்கிட்டது. சிரியஸ் அடிவானத்துக்குப் பக்கத்துல இருக்கும்போது அலையுற காற்றடுக்குகள் ஒவ்வொரு நிறத்தையும் வேற வேற அளவுக்கு வளைக்கும். அதனால சிவப்பு, பச்சை, நீலம்னு பளிச் பளிச்னு மாறும். மேலே ஏற ஏற அடங்கிடும். வெள்ளி சின்ன வட்டாத் தெரியுற கிரகம், அவ்வளவு மினுங்காது. சூரியனை விட்டு 47 டிகிரிக்கு மேல விலகவும் விலகாது. அதனால நடுராத்திரி தலைக்கு மேல அந்தப் பதிவு போட்டவர் பார்த்தது எயாரெண்டிலா இருக்க வாய்ப்பே இல்லை.