பெர்க்மன் 1982-ஓடு கேமராவை மூடிவைத்தாரா?

'ஃபானி அண்ட் அலெக்சாண்டர்' படத்தை முடித்த கையோடு ஸ்வீடன் திரைப்பட இயக்குநர் இங்மர் பெர்க்மன் இயக்குவதையே நிறுத்திவிட்டார், அதன்பின் ஒரு காட்சிகூட எடுக்கவில்லை என்று ஒரு செய்தி சுற்றுகிறது. இது தவறு.

1982-இல் வெளியான அதுதான் திரையரங்குக்கான தன் கடைசிப் படம் என்று அவர் சொன்னது உண்மை. அதில் 'திரையரங்குக்கான' என்ற பகுதி மட்டும் வழியில் உதிர்ந்துபோய்விட்டது. தொலைக்காட்சியை அவர் விடவே இல்லை. 1984-இல் 'ஆஃப்டர் தி ரிஹர்சல்', 1997-இல் 'இன் தி பிரசென்ஸ் ஆஃப் எ க்ளவுன்' இரண்டையும் அவரே இயக்கினார். அப்புறம் 2003-இல் 'சராபாண்ட்'. 1973-இல் ஆறு பகுதிகளாக ஸ்வீடன் தொலைக்காட்சியில் வந்த 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' தம்பதி முப்பது வருடம் கழித்து மீண்டும் சந்திக்கிற கதை. நடித்ததும் அதே லிவ் உல்மன், அதே ஏர்லாண்ட் யூசெஃப்சன். டிஜிட்டல் கேமராவில் எடுத்தது. ஒளிபரப்பானபோது பெர்க்மனுக்கு வயது 85! ஓய்வுபெற்றவர் செய்கிற வேலையா இது?

எழுத்தும் நிற்கவில்லை. தன் பெற்றோரின் கதையாக அவர் எழுதி, பில்லி ஆகஸ்ட் இயக்கிய 'தி பெஸ்ட் இன்டென்ஷன்ஸ்' 1992-இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனையை வென்றது. அவர் எழுதிய 'ஃபெய்த்லெஸ்' படத்தை 2000-இல் உல்மன் இயக்கினார். ஸ்டாக்ஹோமின் அரச நாடக அரங்கில் நாடகங்களும் தொடர்ந்தன.

தொலைக்காட்சிக்கு எடுத்தால் கணக்கில் வராது என்று சிலர் வாதாடுவார்கள். சரி, அப்படியானால் 'சீன்ஸ் ஃப்ரம் எ மேரேஜ்' தொடரையும் அவர் பட்டியலிலிருந்து அடித்துவிட வேண்டியதுதான்.