தி ஓ.சி. முதல் சீசனை இளக்காரமாகப் பேசாதீர்கள்

சனிக்கிழமை கூட்டத்தில் ஒரு தம்பி, 'தி ஓ.சி.' என்ற அமெரிக்க டிவி தொடரை இளக்காரமாகப் பேசினார். வந்திருந்தவர்களுக்கு எதைச் சொல்கிறேன் என்று தெரியும். "ஓசியில் கொடுத்தாலும் பார்க்கமாட்டேன்" என்று அந்தத் தம்பி சொன்னதும் அரங்கமே சிரித்தது. எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

"பணக்கார வெள்ளைக்காரப் பிள்ளைகளின் காதல் கண்ணீர்" என்றார். முதல் எபிசோடையாவது முழுசாகப் பார்த்தாரா? அண்ணனோடு கார் திருடி மாட்டிக்கொண்ட சீனோ ஊர்ப் பையன் ரயன். பெற்ற தாயே வீட்டைவிட்டு விரட்டுகிறாள். அவனுக்காக வாதாட அரசாங்கம் அமர்த்திய வக்கீல் சாண்டி கோஹன், பணக்காரர்கள் வாழும் நியூபோர்ட் பீச்சில் உள்ள தன் வீட்டுக்கே கூட்டி வருகிறார். மனைவி கிர்ஸ்டனுக்கு முதலில் அதில் இஷ்டமில்லை. 2003இல் தொடங்கிய அந்த 27 எபிசோடிலும் ஓடுவது ஒரே கேள்வி: அடுத்தவர் பிள்ளைக்கு நம் வீட்டில் இடம் உண்டா, இல்லையா? காதலும் பார்ட்டியும் மேலே தூவிய மசாலாதான்.

அப்போது நாங்கள் சிங்கப்பூரில், ஈசூனில் மூவறை வீட்டில் இருந்தோம். மாமா வீட்டில் பிரச்சினை என்று மாமா மகன் எங்களோடு வந்து தங்கினான். ஹாலில்தான் படுப்பான். நாங்கள் எழுவதற்குள் மெத்தையைச் சுருட்டி சோபாவுக்குப் பின்னால் செருகிவிடுவான். அம்மா அலமாரியில் ஒரு தட்டையே காலி செய்து கொடுத்தார். ஆனாலும் அவன் துணிமணி கொண்டுவந்த பையிலேயேதான் இருந்தது. யாராவது "கிளம்பு" என்று சொல்லிவிடுவார்களோ என்ற பயம். ரயனைப் பார்த்த பிறகுதான் எனக்கு அது உறைத்தது. அவனும் எப்போதும் கிளம்பத் தயாராகவே இருப்பான்.

சீசன் முடிவில் ரயன் போய்விடுகிறான். அவன் தங்கியிருந்த பூல் ஹவுஸில், அதாவது நீச்சல்குளத்தை ஒட்டிய சின்ன வீட்டில், அவன் கட்டில் விரிப்பை உருவும்போது கிர்ஸ்டன் உடைந்து அழுகிறாள். வேண்டாம் என்ற அதே கிர்ஸ்டன்! இதை உருவாக்கிய ஜாஷ் ஷ்வார்ட்ஸுக்கு, தொடர் ஒளிபரப்பானபோது வயது 26. அந்த வயதில் ஒரு தாயின் மனசை இப்படி எழுதியிருக்கிறார். இதுவா வெறும் காதல் கண்ணீர்?

பள்ளிப் பையன் ரயனாக நடித்தவருக்கு 24 வயது என்பீர்கள். சரி. பார்ட்டி என்றால் கைகலப்பு என்பீர்கள். அதுவும் இருக்கட்டும். மூன்றாம் சீசனில் ரயன் காதலித்த மரிஸாவைச் சாகடித்தார்களே என்றால், நான் முதல் சீசனைப் பற்றித்தானே பேசுகிறேன்?

"நம் வாழ்க்கைக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" என்று கேட்டாரே, அதுதான் வலிக்கிறது. பெரியம்மா வீட்டில், பாட்டி வீட்டில், அத்தை வீட்டு ஹாலில் வளர்ந்த பிள்ளைகள் நம்மில் இல்லையா? சொந்தக்காரர் வீட்டில் இரண்டாவது தோசை கேட்கக் கூச்சப்பட்டவர்கள் அன்று அந்த அரங்கிலேயே இருந்திருப்பார்கள். பிடிக்கவில்லை என்றால் பிடிக்கவில்லை என்று சொல்லுங்கள், அது உங்கள் உரிமை. ஆனால் நமக்குச் சம்பந்தமில்லை என்று எங்களுக்கும் சேர்த்துச் சொல்ல, தம்பி, நீங்கள் யாரைக் கேட்டீர்கள்?